கண்ணை மட்டும் விட்டுவிட்டு...

ஜூன் மாதம் பள்ளி திறக்கிறது. பையனின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய் ஆசிரியையின் முன்னால் நிறுத்துகிறோம். அப்போது நம்மில் பலர் சொல்லும் சொல் ஒன்று உண்டு: "டீச்சர், கண்ணை மட்டும் விட்டுட்டு மத்த எடமெல்லாம் தோலை உரிச்சிருங்க. ஏன்னு ஒரு வார்த்தை கேட்கமாட்டேன்!" ஊரில் நம் தகப்பனார் சொன்னார், அவருடைய தகப்பனார் சொன்னார். ரயிலேறி இந்த நகரத்துக்கு வந்தபோது மூட்டை முடிச்சோடு அந்தச் சொல்லையும் கொண்டுவந்து இறக்கியிருக்கிறோம். வாத்தியார் மீது நமக்கு எவ்வளவு மதிப்பு பாருங்கள் என்று நம்மை நாமே மெச்சிக்கொள்ளவும் செய்கிறோம்.

நானும் சொன்னவன்தான். என் மூத்த மகனை ஐந்தாம் வகுப்பில் சேர்த்த அன்று, சங்கத்துக்காரன் என்ற மிடுக்கோடு, நாலு பேர் கேட்கச் சொன்னேன். அந்த ஆசிரியை சிரிக்கவில்லை. "அண்ணாச்சி, தோலை உரிக்கிறதுக்கா நான் டிரெயினிங் படிச்சிட்டு வந்தேன்?" என்று மட்டும் கேட்டார். எனக்கு உறைக்கவில்லை. உறைப்பதற்குச் சில ஆண்டுகள் ஆயின. அதற்கு விலையாக அடுத்த வீட்டுப் பிள்ளை ஒருவன் மூன்று நாள் காணாமற்போக வேண்டியிருந்தது. அந்தக் கதையைத்தான் இந்த மாதம் எழுத வேண்டும் என்று நினைக்கிறேன். நான் பண்டிதனல்ல, பத்தாம் வகுப்பு தேறி, தகப்பனார் இறந்தபின் கருணை அடிப்படையில் ரயில்வேயில் எழுத்தர் வேலைக்கு வந்தவன். கல்வித் தத்துவம் எனக்குத் தெரியாது. ஆனால் என் குற்றம் எனக்குத் தெரியும்.

நானூற்றைம்பது ரூபாய்

2023 டிசம்பர். தாராவிக்குப் பக்கத்தில் உள்ள ஒரு தமிழ்வழிப் பள்ளி. ஏழாம் வகுப்புப் பிள்ளைகளை ஒர்லியில் உள்ள நேரு அறிவியல் மையத்துக்கு அழைத்துப் போவதாக ஏற்பாடு. பஸ் செலவு, நுழைவுக் கட்டணம், சாப்பாடு எல்லாம் சேர்த்துத் தலைக்கு நானூற்றைம்பது ரூபாய். ஒரு சிறுமி பணத்தைக் கைக்குட்டையில் முடிந்து புத்தகப் பையில் வைத்துக்கொண்டு வந்தாள். அவள் தாய் நாலு வீட்டில் பாத்திரம் தேய்ப்பவர். அந்தப் பணம் ஒரே நாளில் வந்த பணமல்ல. பத்தும் இருபதுமாக அஞ்சறைப்பெட்டியில் சேர்ந்த பணம். மதியச் சாப்பாட்டு மணி அடித்துப் பிள்ளைகள் திரும்பி வந்து உட்கார்ந்தபோது கைக்குட்டையைக் காணவில்லை.

எடுத்தவன் யாரென்று ஆசிரியைக்கு அன்று மாலையே தெரிந்துவிட்டது. கடைசி பெஞ்சுப் பையன். படிப்பில் மந்தம், கையில் துடிப்பு, வாயில் பொய் என்று பள்ளி முழுவதும் பெயர் வாங்கியவன். ஆசிரியை வகுப்பில் ஒன்றும் கேட்கவில்லை. பைகளைக் கொட்டிச் சோதனை போடவும் இல்லை. பள்ளி விட்டபின் அவனைத் தனியே நிறுத்திக் கேட்டார். முதலில் இல்லை என்றான். பிறகு அழுதான். பணம் அதற்குள் செலவாகிவிட்டது. நடைபாதைக் கடையில் ஒரு ஜோடி ஷூ வாங்கியிருந்தான். உடற்பயிற்சி வகுப்பில் இவன் ஒருவன்தான் ரப்பர் செருப்போடு ஓடுவானாம். மற்றப் பிள்ளைகள் சிரிப்பார்களாம்.

தாய்க்கு மருந்து வாங்கத் திருடினான் என்றிருந்தால் நமக்கு வசதியாக இருக்கும். சினிமாவில் அப்படித்தான் வரும். இவன் ஷூவுக்காகத் திருடினான். தன்னைவிட ஏழையான ஒரு பெண்ணிடம் திருடினான். அதனால்தான் ஆசிரியையின் சங்கடம் உண்மையான சங்கடமாயிற்று.

மறுநாள் அவர் வகுப்புக்குள் நுழைந்ததும் நானூற்றைம்பது ரூபாயை எடுத்து அந்தச் சிறுமியிடம் கொடுத்து, "பெஞ்சுக்கு அடியில கிடந்துதும்மா, பாத்து வச்சுக்கோ" என்றார். பணம் அவருடைய சொந்தப் பணம். அந்தச் சிறுமியோ, பணத்தைத் தொலைத்துவிட்டாள் என்று முதல் நாள் இரவே தாயிடம் அடி வாங்கியிருந்தாள்.

மூன்று வழி

இரண்டு நாள் கழித்து அந்த ஆசிரியை சங்க அறைக்கு வந்தார். இருபது ஆண்டுக்கு மேல் அந்தப் பள்ளியில் வேலை பார்ப்பவர். சங்கப் படி ஏறியது அதுவே முதல் தடவை. "அண்ணாச்சி, நாப்பது பிள்ளைங்க முன்னால நான் பொய் சொல்லிட்டேன். ரெண்டு நாளா தூக்கம் வரல" என்று உட்கார்ந்தார். தன் முன்னால் மூன்று வழிகள் இருந்தன என்றார். அவர் சொன்னதை என் சொல்லில் தருகிறேன்.

முதல் வழி, தலைமையாசிரியரிடம் சொல்வது. சொன்னால் விஷயம் எழுத்தில் ஏறும், பெற்றோரை அழைப்பார்கள். வெளியே தள்ளும் அதிகாரம் இல்லாவிட்டாலும், "நீங்களாகவே டி.சி. வாங்கிக்கொண்டு போய்விடுங்கள்" என்று காதோடு சொல்லும் வழக்கம் எந்தப் பள்ளியிலும் இல்லாததல்ல. இந்தப் பள்ளியை விட்டால் நடந்து போகும் தூரத்தில் தமிழில் படிக்க வேறு இடம் இல்லை. மராத்திப் பள்ளியில் ஏழாம் வகுப்பில் போய் உட்கார்ந்தால் அவன் என்ன படிப்பான்? பட்டறைக்குத்தான் போவான்.

இரண்டாம் வழி, வீட்டில் சொல்வது. அந்த வீடு எப்படிப்பட்டது என்று அவருக்குத் தெரியும். முந்தின ஆண்டு, கணக்கில் கவனம் போதாது என்று டயரியில் ஒரு வரி எழுதி அனுப்பினார். மறுநாள் பையன் முதுகில் பெல்ட் தடத்தோடு வந்தான். அதன்பின் அவன் டயரியில் அவர் சிவப்பு மையைத் தொட்டதே இல்லை. அவன் தாயும் ஒருநாள் வந்து கையைப் பிடித்துக்கொண்டு, "அவனைப் பத்தி எது இருந்தாலும் என்கிட்ட சொல்லுங்க டீச்சர். அவிய காதுக்குப் போச்சுன்னா கொன்னே போட்ருவாவ" என்று அழுதுவிட்டுப் போயிருக்கிறார்.

மூன்றாம் வழி, மறைப்பது. மறைத்தால் பையன் தப்பிப்பான். ஆனால் எடுத்தது தப்பு என்பது அவன் மனத்தில் எப்படி நிற்கும்? பணத்தைப் பறிகொடுத்த சிறுமி, தான்தான் கவனக்குறைவாக இருந்தோம் என்று ஒரு பொய்யை வாழ்நாள் முழுவதும் சுமப்பாளே, அதற்கு யார் பொறுப்பு? வகுப்பில் இருப்பவர்கள் என்ன குருடர்களா? புது ஷூவை அவர்களும்தான் பார்க்கிறார்கள்.

மூன்றுமே தப்பான வழிகள்தான். அவற்றில் யாருடைய எலும்பும் முறியாத வழியை அவர் எடுத்தார். பையனிடம் தனியே, வாரம் பத்து ரூபாய் வீதம் கடனை அடைக்க வேண்டும் என்றும், என்றைக்காவது ஒருநாள் அந்தப் பெண்ணிடம் அவனே உண்மையைச் சொல்ல வேண்டும் என்றும் பேசி முடித்திருந்தார். "நான் செஞ்சது சரியா அண்ணாச்சி?" என்று கேட்டார்.

நான் செய்தது

"தப்பு" என்றேன். தகப்பனுக்குத் தெரியாமல் பிள்ளையின் குற்றத்தை மறைக்க ஆசிரியைக்கு உரிமை ஏது என்று கேட்டேன். மேடையில் பேசிப் பழகிய வாய். நியாயம் சரளமாக வந்தது. அவர் மறுத்துப் பேசவில்லை. "ஒரு மாசம் பொறுங்க அண்ணாச்சி. அவன் அப்பா உங்க சொல்லுக்குக் கட்டுப்படுவாரு. முதல்ல அவரோட கோவத்தைப் பத்திப் பேசுங்க. பணத்தைப் பத்தி அப்புறம் பேசிக்கலாம்" என்றார். சரி என்று தலையாட்டினேன்.

அந்த வாக்கை நான் காப்பாற்றவில்லை. அன்று இரவே நாக்கா டீக்கடையில் பையனின் தகப்பனாரைப் பார்த்தேன். கூட நாலு பேர் இருந்தார்கள். பொறுப்புள்ள அமைப்பாளன் என்ற நினைப்பில், "உங்க பையன் சங்கதி தெரியுமா?" என்று ஆரம்பித்துவிட்டேன். அவர் முகம் கறுத்தது. கையிலிருந்த கிளாசை வைத்துவிட்டு ஒரு வார்த்தை பேசாமல் எழுந்து போனார். இரவெல்லாம் அந்தக் கோலியிலிருந்து சத்தம் கேட்டதாகப் பிறகு சொன்னார்கள். காலையில் பையன் இல்லை.

மூன்று நாள். நான் ரயில்வேக்காரன், ஓடிப்போகும் பிள்ளைகள் எங்கே போவார்கள் என்று எனக்குத் தெரியாதா? பார்சல் ஆபீசில் உட்கார்ந்திருக்கும்போது எத்தனை பேரைப் பார்த்திருக்கிறேன். பிளாட்பாரத்தின் கடைசியில், எந்த வண்டிக்கும் அவசரப்படாமல், பெரியவர்கள் யாரோடும் சேராமல் நிற்கும் பிள்ளைகள்! ரயில்வே பாதுகாப்புப் படையினர் 2018 முதல் 2024 மே வரை நிலையங்களிலும் ரயில்களிலும் இப்படி மீட்ட குழந்தைகள் 84,000-க்கும் மேல் என்று அரசே கணக்குச் சொல்லியிருக்கிறது. அந்தக் கணக்கை வெறும் எண்ணாகப் படித்தவன் நான். அந்த மூன்று நாளும் அதில் ஒரு எண்ணைத் தேடி வண்டி வண்டியாக ஏறி இறங்கினேன்.

மூன்றாம் நாள் கல்யாண் நிலையத்தில் கிடைத்தான். சட்டப்படி குழந்தைகள் நலக் குழுவின் முன் நிறுத்தினார்கள். அங்கே அவனிடம் அன்பாகக் கேட்டபோதும், "வீட்டுக்குப் போகமாட்டேன், டீச்சரைக் கூப்பிடுங்க" என்றானாம். ஷூவைக் காலில் போடாமல் பைக்குள் சுற்றி வைத்திருந்தான். கிடைத்தான் என்பதால்தான் இதை இன்று எழுத முடிகிறது. கிடைக்காமல் போயிருந்தால் எந்த முகத்தோடு இந்தப் பேனாவைத் தொட்டிருப்பேன்?

அவர் பயந்தது யாருக்கு?

தோழர்களே, தாய்மார்களே! அந்த ஆசிரியை பொய் சொன்னார் என்பதை நான் மறுக்கவில்லை, அவரும் மறுக்கவில்லை. ஆனால் அவரைப் பொய் சொல்ல வைத்தது யார்? பையன் அல்ல, சட்டமும் அல்ல. நாம்தான். உண்மையைக் கொண்டுவந்து நம் வீட்டு வாசலில் வைத்தால் அதை என்ன செய்வோம் என்று அவருக்குத் தெரிந்திருந்தது. பிள்ளையின் தவறைக் கேட்டவுடன் நமக்குத் தெரிந்த வேலை ஒன்றே ஒன்றுதான்: அடி. அடித்து முடித்தால் தகப்பனின் கடமை தீர்ந்தது. தவறு எங்கிருந்து வந்தது என்று யோசிக்கும் வேலை மிச்சம்.

உண்மையைத் தாங்கத் தெரியாத வீட்டுக்கு உண்மையை அனுப்பலாமா என்பதே அவருடைய தர்மசங்கடத்தின் வேர். அந்த வேரை அவரால் பிடுங்க முடியாது. நம்மால் முடியும்.

இது ஒரு பையன் சங்கதி மட்டுமல்ல. இரவு இரண்டு மணிக்கு எழுந்து மாவு அரைத்து இட்லி ஊற்றும் குடும்பங்கள் நம்மிடையே எத்தனையோ. விடியுமுன் தூக்குப் பாத்திரத்தோடு சைக்கிள் கிளம்ப வேண்டும். சட்னி அரைக்கவும் தட்டைக் கழுவவும் பிள்ளையின் கையும் வேண்டியிருக்கிறது. அந்தப் பிள்ளை முதல் பாடவேளையிலேயே டெஸ்க்கில் தலை சாய்க்கிறது. எழுப்பினால் பாடம் உண்டு, தூக்கம் போச்சு. எழுப்பாவிட்டால் தூக்கம் உண்டு, படிப்பு போச்சு. குழந்தைத் தொழிலாளர் சட்டத்தில் 2016-ல் வந்த திருத்தம், 14 வயதுக்குட்பட்டவரை எந்த வேலையிலும் வைக்கக் கூடாது என்கிறது. குடும்பத் தொழிலில், பள்ளி நேரத்துக்கு வெளியே, உதவியாக இருப்பதை விட்டுவைக்கிறது. ராத்திரி இரண்டு மணி பள்ளி நேரத்துக்கு வெளியேதான்! சட்டம் கண்ணை மூடிக்கொள்ளலாம். எதிரே உட்கார்ந்து தூங்கும் பிள்ளையைப் பார்த்துக்கொண்டு ஆசிரியை மூடிக்கொள்ள முடியுமா? வீட்டுக்கு வந்து கேட்டால், "நீங்களா எங்களுக்குச் சோறு போடுறீய?" என்கிறோம்.

எட்டாம் வகுப்பு முடிந்ததும் ஊருக்கு அனுப்பப்படும் பெண் பிள்ளைகளை எடுத்துக்கொள்ளுங்கள். "பாட்டிக்கு உடம்பு சரியில்லை" என்று விடுப்புக் கடிதம் வரும். அந்தப் பெண் ஆசிரியையிடம் மட்டும், "மாமாவுக்குப் பேசி வச்சிருக்காவ டீச்சர், யார்ட்டயும் சொல்லாதீங்க" என்று அழும். 18 வயதுக்கு முன் பெண்ணுக்குத் திருமணம் கூடாது என்று 2006-ஆம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது. 1098 என்ற எண்ணும் இருக்கிறது. தொலைபேசியை எடுத்தால், தன்னை நம்பிய பிள்ளைக்குத் துரோகம் செய்தவர் என்ற பெயர். பிறகு ஒரு பெண்ணும் அவரிடம் வாய் திறக்காது. எடுக்காவிட்டால், பதினான்கு வயதில் ஒரு வாழ்க்கை முடிந்துபோகும். நீங்களே சொல்லுங்கள், அந்த இடத்தில் நீங்கள் இருந்தால் என்ன செய்வீர்கள்?

என்னைக் கேட்டால், இதில் தொலைபேசியை எடுத்துத்தான் ஆக வேண்டும் என்பேன். நானூற்றைம்பது ரூபாயைப் பொறுத்து வைக்கலாம். ஒரு பெண்ணின் வாழ்வைப் பொறுத்து வைக்க முடியாது. பிள்ளைகள் மீது நடக்கும் பாலியல் கொடுமையில் சட்டமே அந்தத் தயக்கத்துக்கு இடம் வைக்கவில்லை. 2012-ஆம் ஆண்டின் போக்சோ சட்டப்படி, அறிந்தவர் புகார் செய்தே தீர வேண்டும். மறைத்தால் அதுவே குற்றம். ஆகவே எல்லாவற்றையும் மறைப்பவர் நல்ல ஆசிரியர் என்று நான் சொல்லவில்லை. எதைப் பொறுத்து வைக்கலாம், எதற்கு ஒரு மணி நேரங்கூடப் பொறுக்கக் கூடாது என்று பிரித்து அறிவதுதான் அந்தத் தொழிலின் கஷ்டம். அந்தக் கஷ்டத்தை அவர் ஒண்டியாகச் சுமக்கும்படி விட்டிருக்கிறோமே, அது நம் குற்றம்.

சட்டம் சொல்வதும் நாம் செய்வதும்

2010 ஏப்ரல் முதல் நாளிலிருந்து கல்வி உரிமைச் சட்டம் நடப்பில் இருக்கிறது. அதன் 17-ஆம் பிரிவு, பிள்ளையை அடிக்கவும் கூடாது, மனம் நோக இழிவுபடுத்தவும் கூடாது என்கிறது. மீறும் ஆசிரியர் மீது நடவடிக்கை உண்டு. 16-ஆம் பிரிவின்படி எட்டாம் வகுப்பு முடியும்வரை எந்தப் பிள்ளையையும் பள்ளியை விட்டு நீக்க முடியாது. ஐந்திலும் எட்டிலும் தேறாதவர்களை அதே வகுப்பில் நிறுத்திவைக்க மாநிலங்களுக்கு 2019-ல் வழிசெய்தார்கள். அப்போதும் நீக்கக் கூடாது என்பது நீக்கப்படவில்லை. ஆகவே "டி.சி. வாங்கிக்கொள்" என்று எவராவது காதோடு சொன்னால், "எழுதிக் கொடுங்கள்" என்று கேளுங்கள்.

இத்தனை இருந்தும், "உரிச்சிருங்க டீச்சர்" என்று நாம் சொல்வதன் பொருள் என்ன? சட்டத்தை மீறுங்கள் என்று கூலி வாங்காமல் வக்காலத்துக் கொடுக்கிறோம். அடித்துவிட்ட பிறகு பிள்ளைக்குக் காயம் என்றால் முதலில் கொடி பிடித்துப் பள்ளி வாசலுக்குப் போவதும் நாமே.

அந்தச் சட்டத்தில் நாம் படிக்காமல் விட்ட பக்கம் ஒன்று உண்டு. 21-ஆம் பிரிவு. அரசுப் பள்ளியிலும் உதவிபெறும் பள்ளியிலும் பள்ளி நிர்வாகக் குழு இருக்க வேண்டும். அதில் முக்கால் பங்குக்குக் குறையாமல் பெற்றோர் இருக்க வேண்டும். பாதிப் பேர் பெண்களாக இருக்க வேண்டும். கூட்டத்துக்கு அழைப்பு வரும்போது, "எனக்கு டூட்டி, உனக்கு வேலை" என்று தட்டிக் கழிக்கிறோம். பிறகு யாரோ நீட்டும் ஏட்டில் கையெழுத்துப் போடுகிறோம். கோரிக்கைக்காக ஆசாத் மைதானத்தில் நாள் முழுக்க உட்காரத் தெரிந்த நமக்கு, பிள்ளைக்காகப் பள்ளியில் இரண்டு மணி நேரம் உட்காரத் தெரியவில்லை.

"நாங்கள் அடி வாங்கி உருப்படவில்லையா?"

இப்படிக் கேட்பவர்கள் இருக்கிறார்கள். நானும் கேட்டவன். ஒருநாள் என்னோடு ஐந்தாம் வகுப்பில் இருந்தவர்களை விரல் விட்டு எண்ணிப் பார்த்தேன். நினைவில் வந்தவர்கள் முப்பத்தெட்டுப் பேர். பத்தாவது எழுதியவர்கள் ஒன்பது பேர். உருப்பட்ட ஒன்பது பேர்தான் இன்று டீக்கடையில் உட்கார்ந்து, "அடி உதவுற மாதிரி அண்ணன் தம்பி உதவமாட்டான்" என்று பேசிக்கொண்டிருக்கிறோம். மற்ற இருபத்தொன்பது பேர் பேச வருவதில்லை. அவர்களில் எத்தனை பேர் பிரம்புக்குப் பயந்து பள்ளியை விட்டவர்கள் என்று எந்த ஏட்டில் எழுதியிருக்கிறது?

"எல்லா வாத்தியாரும் யோக்கியரா?" என்று இன்னொரு கேள்வி. இல்லை. சாதி பார்க்கும் வாத்தியாரை நான் கண்டிருக்கிறேன். சேரிப் பிள்ளை என்றால் உதட்டைப் பிதுக்குபவரைக் கண்டிருக்கிறேன். அவர்களைத் தட்டிக்கேட்கவும் சங்கம் இருக்கிறது. ஆனால் நல்லவரையும் கெட்டவரையும் பிரித்தறிய நாம் பள்ளிக்குள் போயிருக்க வேண்டுமே! வாசலோடு திரும்பி வருகிறவனுக்கு எல்லாரும் ஒன்றுதான்.

நாம் பிழைக்க வந்த இந்த மராட்டிய மண்ணில், 1848-ல் புனே நகரில் ஜோதிராவ் புலேயும் சாவித்ரிபாய் புலேயும் பெண் பிள்ளைகளுக்குப் பள்ளி திறந்தார்கள். பாடம் சொல்லப் போன அந்த அம்மையார் மீது சாணியும் கல்லும் எறிந்தார்கள் என்பது பலரும் அறிந்தது. அறியாத ஒன்றைச் சொல்கிறேன். 1863-ல் அவர்கள் கர்ப்பமுற்ற விதவைகளுக்காக ஓர் இல்லம் திறந்தார்கள். ஊர் 'தவறு' என்று முத்திரை குத்தி, சாகவோ குழந்தையைக் கொல்லவோ துரத்திய பெண்கள் வந்து பிள்ளை பெற்றுக்கொள்ள ஓர் இடம். அப்படிப் பிறந்த ஒரு குழந்தையைத் தங்கள் மகனாகவே வளர்த்தார்கள், அவர் மருத்துவரானார். வந்தவரை "ஏன் செய்தாய்?" என்று அடிக்காமல் உள்ளே விட்ட வாசல் அது. பள்ளிக்கூடம் நடத்தியவர்களுக்கு அப்படி ஒரு வாசலும் வேண்டும் என்று தெரிந்திருந்தது. நம் கோலிகளில் அந்த வாசல் இருக்கிறதா?

என்ன செய்யலாம்?

சங்கத்தின் சென்ற கூட்டத்தில் நான் வைத்த யோசனைகளை இங்கேயும் வைக்கிறேன்.

ஒன்று: "தோலை உரியுங்கள்" என்ற சொல்லை விடுவோம். அதற்குப் பதிலாக, "எதுவானாலும் எங்களிடம் சொல்லுங்கள், அடிக்கமாட்டோம்" என்று பிள்ளையின் காதில் விழும்படி ஆசிரியையிடம் சொல்வோம். சொன்னபடி நடப்போம். ஒரு தடவை மீறினாலும் அந்தக் கதவு அடைபட்டுவிடும்.

இரண்டு: பள்ளி நிர்வாகக் குழுவில் நம் பெண்கள் முன்னின்று இடம்பெறட்டும். கூட்ட நாளில் அந்த வீட்டுப் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்வதும் சமைப்பதும் ஆண்களின் வேலையாக இருக்கட்டும்.

மூன்று: மாலை ஆறு முதல் எட்டு வரை சங்க அறை பிள்ளைகளுக்கு. கேரம் போர்டு ஒரு பக்கம் இருக்கட்டும். படிக்க இடமில்லாத பிள்ளை படிக்கட்டும். தூங்க இடமில்லாத பிள்ளை தூங்கட்டும்.

நான்கு: மாதத்தில் ஒரு ஞாயிறு ஆசிரியர்களை அழைத்து உட்கார்வோம். மேடை வேண்டாம், மாலை வேண்டாம், சால்வையும் வேண்டாம். பெயர் சொல்லாமல் அவர்கள் தங்கள் சங்கடத்தைச் சொல்லட்டும், நாம் கேட்போம். கேட்டதை டீக்கடைக்குக் கொண்டுபோகாதவர்கள் மட்டும் வாருங்கள். இந்த நிபந்தனையை முதலில் எனக்கே போட்டுக்கொண்டிருக்கிறேன்.

பையன் இன்று பள்ளியில்தான் இருக்கிறான். அவன் தகப்பனார் கெட்டவரல்லர். பன்னிரண்டு மணி நேரம் தோல் பட்டறையில் நின்றுவிட்டு வருபவர். தன் தகப்பனிடம் வாங்கியதைத் தன் மகனிடம் கொடுத்தவர். மகன் காணாமற்போன மூன்றாம் நாள் இரவு என் தோளைப் பிடித்துக்கொண்டு அவர் அழுததை நான் மறக்கமாட்டேன். அவரிடம் மன்னிப்புக் கேட்டேன். அந்த ஆசிரியையிடமும் கேட்டேன். "சரி விடுங்க அண்ணாச்சி. அடுத்த தடவை கொஞ்சம் பொறுங்க" என்றார்.

நானூற்றைம்பது ரூபாயை நாற்பத்தைந்து வாரத்தில், பத்துப் பத்தாக, பையன் ஆசிரியையிடம் அடைத்துவிட்டான். கடைசிப் பத்து ரூபாய் கொடுத்த அன்று, "இனி நான் அந்தப் பிள்ளைகிட்டச் சொல்லணுமா டீச்சர்?" என்று கேட்டிருக்கிறான். "சொல்லணும். எப்பன்னு நீயே முடிவு பண்ணு" என்றாராம். இன்னும் அவன் சொல்லவில்லை. அந்தச் சிறுமி இன்னமும், தன் கவனக்குறைவால்தான் அடி வாங்கினோம் என்றே நினைத்துக்கொண்டிருக்கிறாள். அவளுக்கு நாம் பட்ட கடன் அப்படியே நிற்கிறது. அதற்கும் ஆசிரியை ஒருவரே பொறுப்பு என்று விட்டுவிடுவோமா?

வரும் ஞாயிறு மாலை ஐந்து மணிக்குச் சங்க அறையில் முதல் கூட்டம். டூட்டி இருந்தால் மாற்றிக்கொண்டு வாருங்கள். நானும் மாற்றியிருக்கிறேன்.